தோற்றவர்களுக்கு யார் சாட்சி?

ரோம் நகரின் நடுவே வெண்பளிங்குக் கல்லால் ஆன ஒரு தூண் நிற்கிறது. பீடத்தையும் சேர்த்து அதன் உயரம் ஏறத்தாழ 35 மீட்டர். தூணின் உட்புறத்தைக் குடைந்து 185 படிகள் கொண்ட சுழல் படிக்கட்டு அமைத்திருக்கிறார்கள். வெளிப்புறத்திலோ, அடியிலிருந்து உச்சி வரை ஒரு சிற்பப் பட்டை கொடிபோல் சுற்றிச் சுற்றி ஏறுகிறது. அந்தப் பட்டையைப் பிரித்து நீட்டினால் சுமார் 200 மீட்டர் நீளம் வரும். அதில் 155 காட்சிகளும் 2,500க்கு மேற்பட்ட மனித உருவங்களும் உள்ளன. கி.பி. 113 இல் எழுப்பப்பட்ட இதற்கு டிராஜன் தூண் என்று பெயர்.

இந்தச் சிற்பங்கள் சொல்வது ஒரு போரின் கதை. ரோமப் பேரரசர் டிராஜன், டேசியர் என்னும் மக்களை இரண்டு போர்களில் வென்ற கதை. தூணில் டிராஜன் மட்டும் சுமார் 60 முறை தோன்றுகிறார். வென்றவர் தம் கதையைக் கல்லில் செதுக்கிவிட்டார். தோற்றவர்கள் தம் கதையை எங்கே எழுதினார்கள்?

எங்கும் எழுதவில்லை. டேசியர் தம் மொழியில் ஒரு நூலையும் விட்டுச் செல்லவில்லை. அவர்களுடைய மொழியில் நமக்குக் கிடைப்பவை மனிதர்களின் பெயர்களும், ஊர்களின் பெயர்களும், கிரேக்க மருத்துவர் டயோஸ்கோரிடீஸ் எழுதிய மூலிகை நூலின் பிரதிகளில் குறிக்கப்பட்டுள்ள சில செடிகளின் பெயர்களுமே. அப்படியானால் அவர்கள் பக்கத்து உண்மையை நாம் எப்படி அறிவது? வரலாற்று ஆசிரியருக்கு இங்கே பௌதிகம் கைகொடுக்கிறது. எப்படி என்று காண்போம்.

யார் இந்த டேசியர்?

ஐரோப்பாவின் பெரிய ஆறுகளுள் ஒன்று டான்யூப். அதன் வடகரையில், கார்ப்பேத்தியன் மலைகள் சூழ்ந்த நிலம் இன்று ருமேனியா எனப்படுகிறது. ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் அதுவே டேசியர்களின் நாடு. கி.மு. முதல் நூற்றாண்டில் புரேபிஸ்டா என்னும் அரசன் சிதறிக்கிடந்த இனக் குழுக்களை ஒன்றுதிரட்டி வலிமையான அரசை அமைத்தான். ஜூலியஸ் சீசர் கொலையுண்ட அதே கி.மு. 44 ஆம் ஆண்டையொட்டி அவனும் கொலையுண்டான். அரசு பல துண்டுகளாயிற்று.

நூறாண்டுகளுக்கும் மேலான காலத்துக்குப் பின் டெசிபாலஸ் என்னும் அரசனின் காலத்தில் டேசியா மீண்டும் தலைநிமிர்ந்தது. டேசியர் வெறும் அப்பாவிகள் என்று நினைத்துவிட வேண்டாம். கி.பி. 85-86 இல் அவர்கள் டான்யூபைக் கடந்து ரோம மாகாணத்தைத் தாக்கி, அதன் ஆளுநரையே கொன்றார்கள். பழிவாங்கச் சென்ற ரோமப் படையும் முறியடிக்கப்பட்டது. அதன் தளபதி கார்னேலியஸ் ஃபஸ்கஸ் களத்தில் மாண்டார். கி.பி. 89 இல் பேரரசர் டொமிஷியன் செய்துகொண்ட உடன்படிக்கை வியப்பானது. டெசிபாலஸுக்கு ஆண்டுதோறும் பணமும், கட்டுமானக் கலைஞர்களும் ரோம் அனுப்பவேண்டும்!

இந்த உடன்படிக்கை ரோமானியருக்கு உறுத்தலாகவே இருந்தது. பின்னர் வந்த டிராஜன் கி.பி. 101-102 இலும், 105-106 இலும் இரண்டு பெரும் போர்களை நடத்தினார். முடிவில் மலைமேலிருந்த தலைநகரம் சார்மிசெகெதூசா வீழ்ந்தது. தப்பிச் சென்ற டெசிபாலஸ், ரோமக் குதிரைவீரர்கள் நெருங்கியபோது தன் வளைந்த கத்தியால் தன்னையே மாய்த்துக்கொண்டான். அவனுடைய தலை ரோமுக்குக் கொண்டுசெல்லப்பட்டது.

சாட்சிகளை விசாரிப்போம்

இந்தக் கதையை நமக்குச் சொல்பவர்கள் யார்? டிராஜன் தாமே இப்போரைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அதில் இன்று எஞ்சியிருப்பது ஒரே ஒரு வாக்கியம்; அதுவும் பிற்கால இலக்கண ஆசிரியர் ஒருவர் எடுத்துக்காட்டாகக் குறித்து வைத்ததால் பிழைத்தது. போர் முடிந்து ஏறத்தாழ நூறாண்டுக்குப் பின் காசியஸ் டியோ என்பவர் எழுதிய வரலாற்றில் அந்தப் பகுதி சுருக்கமாகவே கிடைக்கிறது. மற்றொரு சாட்சி நாம் முதலில் பார்த்த தூண். எல்லாருமே வென்றவர் தரப்புச் சாட்சிகள்!

ஒரு தரப்புச் சாட்சி என்பதால் எல்லாம் பொய் என்று தள்ளிவிடலாமா? கூடாது. அளந்து பார்த்து ஏற்கவேண்டும். ஓர் எடுத்துக்காட்டு பாருங்கள்.

இரண்டு போர்களுக்கும் இடையே, கி.பி. 103 முதல் 105 வரை, டமாஸ்கஸைச் சேர்ந்த அப்பல்லோடோரஸ் என்னும் பொறியியல் மேதை டான்யூபின் குறுக்கே ஒரு பாலம் கட்டினார். அதற்கு 20 கல் தூண்கள் இருந்தன என்றும், தூண்களுக்கிடையே 170 ரோமானிய அடி தொலைவு இருந்தது என்றும் டியோ எழுதுகிறார். ஒரு ரோமானிய அடி என்பது 0.296 மீட்டர். ஆகவே 170 அடி சுமார் 50 மீட்டர் ஆகிறது. 20 தூண்கள் என்றால் கரைகளையும் சேர்த்து 21 இடைவெளிகள். 21 × 50 = 1,050 மீட்டர். இன்றும் ருமேனியக் கரையிலும் செர்பியக் கரையிலும் பாலத்தின் முனைத் தூண்கள் சிதைந்த நிலையில் நிற்கின்றன. அவற்றைக் கொண்டு ஆய்வாளர்கள் கணித்த நீளம் சுமார் 1,100 மீட்டர். பாலத்தின் நீளத்தைப் பொறுத்தவரை டியோ நம்பத்தக்க சாட்சி என்று தெரிகிறது.

இப்போது இன்னொரு கூற்றை எடுத்துக்கொள்வோம். டெசிபாலஸ் தன் செல்வத்தை எங்கே ஒளித்தான் தெரியுமா? சார்கெட்டியா என்னும் ஆற்றின் போக்கைத் திருப்பிவிட்டு, படுகையில் குழிதோண்டிப் பொன்னையும் வெள்ளியையும் புதைத்து, கற்களால் மூடி, மறுபடியும் ஆற்றை அதன் வழியில் விட்டான் என்கிறார் டியோ. அவனுடைய நண்பன் ஒருவன் சிறைப்பட்டபோது அந்த இடத்தைக் காட்டிக் கொடுத்துவிட்டான். கிடைத்த செல்வம் எவ்வளவு? ஆறாம் நூற்றாண்டைச் சேர்ந்த எழுத்தாளர் ஒருவர், டிராஜனின் மருத்துவர் கிரைட்டன் எழுதியதை ஆதாரமாகக் காட்டி, பொன் 50 இலட்சம் ராத்தல், வெள்ளி 1 கோடி ராத்தல் என்கிறார்.

காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள். ரோமானிய ராத்தல் 0.327 கிலோகிராம். பொன் 1,635 டன். வெள்ளி 3,270 டன். பொன்னின் அடர்த்தி கன மீட்டருக்கு 19.3 டன்; வெள்ளியின் அடர்த்தி 10.5 டன். வகுத்துப் பாருங்கள். பொன்னின் பருமன் சுமார் 85 கன மீட்டர், வெள்ளியின் பருமன் சுமார் 311 கன மீட்டர். மொத்தம் 396 கன மீட்டர். 8 மீட்டர் நீளமும் 6 மீட்டர் அகலமும் 3 மீட்டர் உயரமும் உள்ள ஒரு வகுப்பறையின் பருமன் 144 கன மீட்டர்தான். தரைமுதல் கூரைவரை இடைவெளியே இல்லாமல் அடுக்கினாலும், இரண்டே முக்கால் வகுப்பறைகள் நிறைய உலோகம்! ஒரு மாட்டு வண்டியில் அரை டன் ஏற்றினால் ஏறத்தாழ 9,800 வண்டிகள் வேண்டும். இதைக் கமுக்கமாக ஓர் ஆற்றுப் படுகையில் புதைக்க முடியுமா?

பிரெஞ்சு வரலாற்றறிஞர் ஜெரோம் கார்கோப்பினோ இதற்கு ஒரு விளக்கம் தந்தார். கைப்பிரதி எடுத்தவர்கள் எண்ணைப் பத்து மடங்கு கூட்டி எழுதிவிட்டார்கள் என்பது அவர் கருத்து. பத்தில் ஒரு பங்கு என்று கொண்டால் பொன் சுமார் 165 டன், வெள்ளி சுமார் 330 டன். அதுவும் ஓர் அரசனுக்கு மிகப்பெரிய செல்வமே. ஆனால் வகுப்பறையில் கால் பங்கு இடத்தில் அடங்கிவிடும். வென்றவன் சொன்ன எண்ணானாலும் அடர்த்திச் சூத்திரத்துக்கு முன் நின்று பதில் சொல்லத்தான் வேண்டும்!

வாளும் சுவரும் சொல்வது

இனி டேசியர் தரப்புச் சாட்சிகளை அழைப்போம். அவை பேசா, ஆனால் அவற்றை அளக்கலாம்.

முதலாவது சாட்சி, ஃபால்க்ஸ் என்னும் ஆயுதம். நம் அரிவாளைப் போல இதற்கும் வளைவின் உட்புறத்தில்தான் கூர்மை. நீண்ட பிடியை இரு கைகளாலும் பற்றி வீசுவார்கள். இதன் ஆற்றல் எங்கிருந்து வருகிறது? சுழலும் பொருளின் நுனி வேகம், கோண வேகத்தையும் ஆரத்தையும் பெருக்கினால் கிடைக்கும் என்று நீங்கள் படித்திருப்பீர்கள். ஆரம் நீள நீள, நுனியின் வேகம் கூடும். வளைந்த முனை முதலில் தொடும் பரப்போ மிகச் சிறியது. அழுத்தம் என்பது விசையைப் பரப்பால் வகுத்தது அல்லவா? பரப்பு குறைந்தால் அழுத்தம் பன்மடங்காகும். கேடயத்தின் விளிம்புக்கு மேலாக வந்து விழும் அந்த முனை தலைக்கவசத்தையே பிளக்கக்கூடியது.

இதற்குச் சான்று ரோமானியரிடமே இருக்கிறது. அக்காலத் தலைக்கவசங்கள் சிலவற்றின் உச்சியில் இரும்புப் பட்டைகளைக் குறுக்கும் நெடுக்குமாக வைத்து வலுப்படுத்தியிருக்கிறார்கள். கி.பி. 109 இல் டிராஜன் எழுப்பிய மற்றொரு வெற்றிச் சின்னம் ருமேனியாவில் ஆடம்கிலிசி என்னும் ஊரில் உள்ளது. அதிலுள்ள ரோம வீரர்கள் வலது கையில் தோள்முதல் மணிக்கட்டு வரை உலோகக் கவசம் அணிந்திருக்கிறார்கள். பகைவனை எள்ளி நகையாடிய பேரரசு, அவனுடைய அரிவாளுக்கு அஞ்சித் தன் கவசத்தை மாற்றிக்கொண்டது!

இரண்டாவது சாட்சி, கோட்டைச் சுவர். சார்மிசெகெதூசாவும் அதைச் சூழ்ந்த கோட்டைகளும் ஒராஷ்டியே மலைகளில் இருக்கின்றன. தலைநகரம் கடல் மட்டத்துக்கு மேல் 1,000 மீட்டருக்கும் அதிக உயரத்தில் அமைந்தது. அங்கே சுவர் எழுப்பியவர்கள் இரண்டு வரிசையாகச் செதுக்கிய கற்களை அடுக்கி, நடுவில் மண்ணும் கல்லும் கொட்டி நிரப்பினார்கள். மொத்தப் பருமம் சுமார் 3 மீட்டர். இப்படிக் கட்டும்போது ஒரு தொல்லை உண்டு. உள்ளே கொட்டிய மண் பக்கவாட்டில் தள்ளும்; மழைநீர் இறங்கினால் இன்னும் அதிகமாகத் தள்ளும். சுவர் வயிறு புடைத்தாற்போல் பிதுங்கிச் சரியும்.

டேசியர் என்ன செய்தார்கள்? மரச்சட்டங்களைக் குறுக்கே வைத்து இரண்டு முகங்களையும் பிணைத்தார்கள். கற்களில், புறாவின் வால்போல் உட்புறம் அகன்றும் வெளிப்புறம் குறுகியும் இருக்கும் காடிகளை வெட்டி, அதே வடிவில் செதுக்கிய சட்டத்தின் முனையைப் பொருத்தினார்கள். மண் வெளியே தள்ளத் தள்ள, சட்டம் இறுகுமே தவிர கழன்றுவராது. இழுவிசையைத் தாங்குவதில் கல் சோனி, மரம் கெட்டி. அழுத்தத்தைத் தாங்குவதில் கல் கெட்டி. இரண்டையும் அததற்குரிய வேலையில் அமர்த்தியிருக்கிறார்கள். இன்று கம்பியும் கான்கிரீட்டும் இதே கொள்கைப்படிதான் வேலையைப் பங்கிட்டுக்கொள்கின்றன. 'காட்டுமிராண்டிகள்' என்று ரோமானியர் அழைத்த மக்களின் சுவர் இது. இக்கோட்டைகளுள் ஆறு, 1999 இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்க்கப்பட்டன.

பொன் வாய் திறந்தது

மூன்றாவது சாட்சிதான் மிகவும் சுவையானது. 1990களின் இறுதியில் புதையல் திருடர்கள் உலோகங்காணும் கருவிகளுடன் சார்மிசெகெதூசா காடுகளில் நுழைந்தார்கள். அவர்கள் தோண்டி எடுத்தவற்றுள் பொன்னாலான சுருள் கடகங்கள் 24 இருந்தன என்று கருதப்படுகிறது. ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு கிலோகிராம். நுனிகளில் பாம்பின் தலைபோன்ற வடிவம். யாவும் கள்ளச் சந்தையில் பல நாடுகளுக்கு விற்கப்பட்டன. ருமேனிய அரசு பெருமுயற்சி செய்து 13 கடகங்களை மீட்டது.

மீட்டவுடன் ஐயங்கள் எழுந்தன. இவை உண்மையில் பழையனவா? அல்லது இக்காலத்தில் செய்த போலிகளா? பழையனவென்றால், ரோமானிய நாணயங்களை உருக்கிச் செய்தவையா? ஆண்டுதோறும் ரோம் பணம் அனுப்பியதே, நினைவிருக்கிறதா? கடகத்தை வெட்டி அமிலத்தில் கரைத்துச் சோதிக்க முடியாது. தொடாமலே சோதிக்கவேண்டும்.

இங்கேதான் எக்ஸ்-கதிர் வருகிறது. நகைக்கடையில் சிறு பெட்டிக்குள் நகையை வைத்து, அரை நிமிடத்தில் காரட் சொல்லும் கருவியைப் பார்த்திருப்பீர்கள். அதே தத்துவம்தான். எக்ஸ்-கதிர் அணுவின் உட்கூட்டிலுள்ள ஓர் எலக்ட்ரானைத் தட்டி வெளியேற்றுகிறது. காலியான இடத்துக்கு வெளிக்கூட்டிலிருந்து ஓர் எலக்ட்ரான் இறங்குகிறது. இறங்கும்போது மிச்சமாகும் ஆற்றல், இன்னொரு எக்ஸ்-கதிராக வெளிவருகிறது. அதன் ஆற்றல் தனிமத்துக்குத் தனிமம் வேறுபடும். கைரேகைபோல!

1913 இல் இதற்கு விதி கண்டவர் ஆங்கிலேய இளைஞர் ஹென்றி மோஸ்லி. அணு எண்ணிலிருந்து 1 ஐக் கழியுங்கள், வர்க்கப்படுத்துங்கள், 10.2 ஆல் பெருக்குங்கள். விடை எலக்ட்ரான் வோல்ட்டில் கிடைக்கும். செம்பின் அணு எண் 29. எனவே 28 × 28 × 10.2 = சுமார் 8,000. ஆய்வுக்கூடத்தில் அளந்தால் கிடைப்பது சுமார் 8,050! வெள்ளீயத்தின் அணு எண் 50, ஆன்டிமனியின் அணு எண் 51. இரண்டும் அடுத்தடுத்த தனிமங்கள். ஆயினும் இவ்விதிப்படி அவற்றின் கதிர்களுக்கிடையே சுமார் 1,000 எலக்ட்ரான் வோல்ட் வேறுபாடு உண்டு. கருவி எளிதில் பிரித்தறியும். இவ்வளவு பெரிய உண்மையைக் கண்ட மோஸ்லி, முதல் உலகப்போரில் 1915 இல் கலிப்போலிக் களத்தில் 27 வயதில் குண்டுபட்டு இறந்தார் என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும்.

ருமேனியப் பௌதிக அறிஞர்கள் கடகங்களை இம்முறையில் ஆராய்ந்தார்கள். மிக நுண்ணிய அளவிலுள்ள தனிமங்களையும் காண, ஒளியின் வேகத்தை நெருங்கி ஓடும் எலக்ட்ரான்களிலிருந்து செறிவான எக்ஸ்-கதிரைத் தரும் சிங்க்ரோட்ரான் கருவியையும் பயன்படுத்தினார்கள். பொன்னுடன் வெள்ளியும் செம்பும் இருந்தன. மிகச் சிறிதளவில் வெள்ளீயமும் ஆன்டிமனியும் இருந்தன.

இந்தச் சிறு மாசுகள்தாம் உண்மையைச் சொல்லும் நாக்குகள். ஆற்று மணலை அரித்துப் பொன் எடுக்கும்போது இலேசான மணல் நீரோடு போய்விடும், கனமானவை தங்கிவிடும். மணலின் அடர்த்தி நீரைப்போல் 2.6 மடங்கு. வெள்ளீயத் தாதுவின் அடர்த்தி 7 மடங்கு. ஆகவே அந்தத் தாதுவின் துகள்களும் பொன்னோடு தட்டில் ஒட்டிக்கொள்ளும். அத்துடன் உருக்கினால் பொன்னில் வெள்ளீயத்தின் சுவடு பதிந்துவிடும். ரோமானியப் பொற்காசோ நன்கு சுத்திகரிக்கப்பட்டது. இக்காலத் தங்கமும் அப்படியே. கடகங்களின் பொன், சுத்திகரிக்கப்படாத இயற்கைப் பொன். திரான்சில்வேனிய மலைகளிலும் ஆறுகளிலும் கிடைக்கும் பொன்னின் அடையாளம் கொண்டது என்று ஆய்வு காட்டியது. போலி என்ற ஐயம் நீங்கியது. ரோமின் காசை உருக்கியது என்ற ஐயமும் நீங்கியது. தங்கள் ஆற்றில் அரித்து, தங்கள் மலையில் எடுத்த பொன்னில், தங்கள் கைத்திறனைக் காட்டியிருக்கிறார்கள் டேசியப் பொற்கொல்லர்கள்.

வெற்றிக்குப் பின்

டேசியா ரோமின் மாகாணமாயிற்று. டிராஜன் 123 நாள் விழா எடுத்தார். வாழ்த்துச் சொல்ல வந்த தூதர்களில் இந்தியரும் இருந்தனர் என்று டியோ குறிக்கிறார். இன்று ரோஷியா மோன்டானா எனப்படும் ஊரில் ரோமானியர் மலையைக் குடைந்து பொன்னெடுத்தார்கள். அந்தச் சுரங்கங்களில் மெழுகு பூசிய மரப்பலகைகள் கிடைத்தன. கி.பி. 131 முதல் 167 வரையிலான கடன் பத்திரங்களும் கூலி ஒப்பந்தங்களும் அவற்றில் உள்ளன. அவற்றிலுள்ள பெயர்களில் பெரும்பாலானவை வேறு மாகாணங்களிலிருந்து வந்து குடியேறியவர்களுடையவை. சொந்த மண்ணின் பொன்னைத் தோண்டும் கணக்கிலும் டேசியரின் குரல் கேட்பது அரிது. ஏறத்தாழ 165 ஆண்டுகளுக்குப் பின், பேரரசர் அவ்ரேலியன் காலத்தில் ரோமப் படை அங்கிருந்து வெளியேறியது. ருமேனியா என்ற பெயரும், இலத்தீனிலிருந்து பிறந்த அதன் மொழியும் ரோமின் நினைவாக நிலைத்தன.

2025 ஜனவரி 25 அன்று, கண்காட்சிக்காக நெதர்லாந்துக்குச் சென்றிருந்த இக்கடகங்களில் மூன்றையும், பொன் தலைக்கவசம் ஒன்றையும், அருங்காட்சியகக் கதவை வெடிவைத்துத் தகர்த்துத் திருடர்கள் கொண்டுபோனார்கள். பொன்னை உருக்கிவிட எவ்வளவு நேரம் ஆகும்? அழகிய வேலைப்பாடு சில நிமிடங்களில் அழியும். அதனால்தான் ஒரு பொருள் கைக்குக் கிடைத்த உடனே அளந்து, சோதித்து, பதிந்து வைக்கவேண்டும் என்கிறோம். பொருள் போனாலும் அளவீடு நிற்கும்.

நண்பர்களே, உங்கள் ஊர்ப் பக்கத்திலும் உடைந்த ஓடு, துருப்பிடித்த இரும்பு, பெயர் தெரியாத கல் கிடைக்கலாம். அதைத் தோண்டி எடுத்து வீட்டுக்குக் கொண்டுபோகாதீர்கள். கிடந்த இடத்திலேயே வைத்து ஆசிரியரிடம் சொல்லுங்கள், தொல்லியல் துறைக்குத் தெரியட்டும். அடுத்த வரலாற்றுத் தேர்வுக்குப் படிக்கும்போது, 'இத்தனை இலட்சம் படை, இத்தனை கோடிப் பொன்' என்று எங்கேனும் வந்தால், பௌதிகப் புத்தகத்தையும் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டு ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள்.